சென்ட்ரல் பார்க் தெர்மாமீட்டரும் தண்டையார்பேட்டைப் பணமும்

வண்ணாரப்பேட்டை, வியாசர்பாடி பக்கம் ‘காட்டன்’ என்றால் துணி ஞாபகம் வராது, நம்பர்தான் ஞாபகம் வரும். நியூயார்க் பருத்திச் சந்தையின் தொடக்க விலையும் முடிவு விலையும் ஒருகாலத்தில் பம்பாய்க்குத் தந்தியில் வந்தன. அந்த எண்களின் மேல் ஆட்கள் பணம் கட்டினார்கள். 1961இல் அந்த விலை வருவது நின்றதும் எண்ணைப் பானையிலிருந்து சீட்டாக எடுக்க ஆரம்பித்து, அது மட்கா என்ற சூதாட்டம் ஆனது. நம்மூரில் மட்டும் காட்டன் என்ற பேர் ஒட்டிக்கொண்டது. இப்போது அதே நியூயார்க்கிலிருந்து பணம் கட்ட இன்னொரு எண் செல்போனில் வருகிறது: அந்நகரின் சென்ட்ரல் பார்க் பூங்காவில் இன்றைக்கு அதிகபட்ச வெப்பம் எத்தனை டிகிரி?

காட்டன் நம்பருக்குக் கணக்கு கிடையாது. இதற்கு உண்டு. வானிலை மாதிரிகளும் (கணினிக் கணிப்புகள்) காற்றின் திசையும் மேக மூட்டமும் எல்லாருக்கும் இலவசமாகவே கிடைக்கின்றன. அதனால்தான் சீட்டாட்டம் பக்கமே போகாத, எக்செல் தெரிந்த பையன்களையும் இது இழுக்கிறது. ஆகவே ஒரு பொருளை எடைபோடுவதுபோல இதைப் பிரித்துப் பார்ப்பது நல்லது. அமைப்பு நேர்த்தியானதுதான். ஆனால் இங்கிருந்து பணம் போட்டு ஆடத் தகுந்ததல்ல. அதற்குச் சட்டம் ஒரு காரணம், கணக்கு இன்னொரு காரணம்.

முதலில் சரக்கு. அமெரிக்காவின் கல்ஷி, அந்நாட்டுப் பண்டக வணிகக் கண்காணிப்பு ஆணையத்திடம் 2020இல் உரிமம் பெற்ற சந்தை. ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு நகரத்துக்கும் ஆறு கட்டம் போடுவார்கள். நடுவில் நான்கு கட்டங்கள், ஒவ்வொன்றும் 2 டிகிரி ஃபாரன்ஹீட் அகலம்: 84–85, 86–87, 88–89, 90–91 என்பதுபோல. கீழ் ஓரத்தில் ‘83 அல்லது குறைவு’, மேல் ஓரத்தில் ‘92 அல்லது அதிகம்’. சரியான கட்டத்தின் சீட்டுக்கு 1 டாலர் கிடைக்கும், மற்றவை பூஜ்யம். ஒரு கட்டம் 35 சென்ட்டுக்கு விற்றால், அதற்கு 35 சதவீத வாய்ப்பு என்று சந்தை நினைக்கிறது என்று பொருள். முடிவு வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை, நடுவிலேயே விற்றுவிட்டு வெளியேறலாம். எதிரே நிற்பது புக்கி இல்லை, இன்னொரு ஆட்டக்காரர். திரையில் குறை சொல்ல ஒன்றுமில்லை, நாலாம் வகுப்புப் பிள்ளைக்கும் புரியும். புரியாமல் போவது ஒப்பந்த விதியில்தான்.

ஊர் இல்லை, ஒரு கம்பம்

‘நியூயார்க் வெப்பம்’ என்று தலைப்பில் இருக்கும். விதியைத் திறந்தால், அமெரிக்கத் தேசிய வானிலைச் சேவை வெளியிடும் தினசரித் தட்பவெப்ப அறிக்கையில், சென்ட்ரல் பார்க் நிலையத்துக்கு எதிரே அச்சாகும் ‘அதிகபட்சம்’ என்ற ஓர் எண்தான். நியூயார்க்கில் எத்தனை பேர் வெயிலில் மயங்கி விழுந்தாலும் அது கணக்கில் வராது. சிகாகோ என்றதும் பலர் ஓஹேர் விமான நிலையத்தைப் பார்ப்பார்கள். ஒப்பந்தத்தில் இருப்பது மிட்வே. பாலிமார்க்கெட் என்ற இன்னொரு தளத்தில் நியூயார்க் என்றால் லாகார்டியா விமான நிலையம், அதுவும் வெதர் அண்டர்கிரவுண்ட் என்ற வானிலை இணையதளத்தில் பதிவாகும் எண். ஆக, ஒரே ஊர், ஒரே நாள், இரண்டு தளங்கள், இரண்டு கருவிகள். ‘அங்கே 40 சென்ட், இங்கே 52, நடுவில் லாபம்’ என்று பாய்பவர் இரண்டு வெவ்வேறு பொருளை ஒன்றென்று எண்ணிப் பாய்கிறார்.

நமக்கு இது புதிய பாடமல்ல. செய்தியில் ‘சென்னையில் 39 டிகிரி’ என்று ஓடும்போது காசிமேட்டுப் படகுத்துறையில் கடல்காற்று சட்டையைத் தூக்கிக்கொண்டிருக்கும். அந்த எண் மீனம்பாக்கத்தினுடையது. நுங்கம்பாக்கத்துக்கும் தனி எண் உண்டு. சென்னை வானாய்வகம் 1792இலேயே தொடங்கியது. இத்தனை காலப் பதிவு இருந்தும், ராயபுரத்தின் வெப்பம் என்று எவரும் தனியாகச் சொல்லிப் பந்தயம் முடிக்க முடியாது. கருவி இருக்கும் இடம்தான் ஊர்.

சென்ட்ரல் பார்க் கருவிக்குத் தனிக் குணமே உண்டு. அது பெல்வெடியர் கோட்டைக்குப் பக்கத்தில், மரஞ்செடிக்கு நடுவே நிற்கிறது. கோடையில் இலை அடர்ந்திருக்கும்போது, பக்கத்து விமான நிலையங்களைவிட அது சற்றுக் குளிர்ந்து காட்டும். விமான நிலையங்களின் எண்ணைப் பார்த்து நகரத்தைக் கணிப்பவர் தோற்கும் முதல் இடம் இது.

நாள் எப்போது தொடங்குகிறது

கோடையில் அமெரிக்கர்கள் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளுவார்கள். வானிலைப் புத்தகம் தள்ளாது. தினசரி அறிக்கை ஆண்டு முழுக்க நிலையான நேரத்திலேயே நள்ளிரவு முதல் நள்ளிரவு வரை ஓடும். எனவே கோடையில் அங்குள்ள சுவர்க் கடிகாரப்படி நாள் என்பது அதிகாலை 1 மணி முதல் மறுநாள் 1 மணி வரை. சென்னைக் கணக்கில் நியூயார்க் நாள் எப்போதும் காலை 10:30க்குத் தொடங்கி மறுநாள் காலை 10:30க்கு முடியும். சிகாகோவுக்கு 11:30, லாஸ் ஏஞ்சலஸுக்குப் பகல் 1:30.

இதில் கையைச் சுட்டுக்கொள்ளும் வழிகள் இரண்டு. குளிர்காலத்தில் குளிர்முகப்பு (குளிர்காற்றின் முன்விளிம்பு) நள்ளிரவை ஒட்டிக் கடந்தால், அன்றைய உச்சம் இரவு 12 மணிக்குச் சற்றுப் பிறகே பதிவாகிவிடும். 12:10க்கு 48 டிகிரி இருந்து, பகல் முழுக்க 39ஐத் தாண்டாவிட்டாலும் அறிக்கையில் 48தான். ‘மதியம் எத்தனை’ என்று மட்டும் பார்த்தவர் காலி. இன்னொன்று கோடையில்: மந்தமான குளிர்ந்த நாள், இரவில் வெதுவெதுப்பான காற்று ஏறி வருகிறது. கடிகாரம் 12ஐத் தாண்டிவிட்டது, நாள் முடிந்தது என்று நினைத்தால் தப்பு. அடுத்த ஒரு மணி நேரம் நேற்றைய கணக்கில்தான் சேரும்.

நாள் நடந்துகொண்டிருக்கும்போது பின்தொடர, விமான நிலையப் பாணியில் வெளியாகும் மணிநேர அறிக்கை இருக்கிறது. சென்ட்ரல் பார்க்குக்கு ஒவ்வொரு மணியும் 51ஆம் நிமிடத்தில் வரும். ஆறு மணி நேரத்துக்கு ஒருமுறை வரும் அறிக்கையில், முந்தைய ஆறு மணி நேரத்தின் உச்சம் 1 என்று தொடங்கும் ஐந்திலக்கத் தொகுதியாக இருக்கும். இரண்டாவது இலக்கம் குறி: 0 என்றால் நேர், 1 என்றால் மைனஸ். அடுத்த மூன்றும் பத்தில் ஒரு டிகிரி செல்சியஸ். 10322 என்றால் 32.2. மணிநேர அறிக்கைகளுக்கு நடுவே எகிறி இறங்கிய உச்சத்தையும் இது பிடித்துவிடும். நமக்கு முக்கியமானவை இரவு 11:21க்கும் விடிகாலை 5:21க்கும் வரும் இரண்டு. உண்மையான உச்சம் பெரும்பாலும் நமக்கு நள்ளிரவு 12:30 முதல் 1:30க்குள் விழும். அதாவது, இந்த ஆட்டத்தைச் சரியாக ஆட வேண்டுமென்றால் தூக்கம் கெட வேண்டும். காலை ஷிப்டுக்கு எண்ணூர் போகிறவர் யோசித்துக்கொள்ளட்டும்.

32 என்று காட்டும், 89 என்று முடியும்

அதிகப் பணம் சாவது இந்த இடத்தில்தான். அமெரிக்கத் தானியங்கி நிலையம் ஒவ்வொரு நிமிடமும் அளந்து, ஐந்து நிமிடச் சராசரி எடுத்து, அதை முழு ஃபாரன்ஹீட்டாக ஆக்குகிறது. உச்சம் அந்த முழு எண்களிலிருந்து வருகிறது. ஆனால் இணையத்தில் ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை ஓடும் தகவலில், அதே எண் முழு செல்சியஸாக மாறி வருகிறது. பல தளங்கள் அதைத் திரும்ப ஃபாரன்ஹீட்டாக்கிக் காட்டும். இருமுறை முழுமைப்படுத்தினால் எண் நகரும்.

நிலையத்தில் 89 டிகிரி என்று வைப்போம். செல்சியஸில் 31.67, முழு எண்ணாக 32. திரும்ப மாற்றினால் 89.6, திரையில் 90. நிலையத்தில் உண்மையாகவே 90 இருந்தாலும் 32.2, அதுவும் 32, அதுவும் திரையில் 90. கட்டங்கள் 88–89, 90–91 என்று பிரிந்திருந்தால், ‘90 தொட்டாச்சு’ என்று மேல்கட்டத்தை 80 சென்ட்டுக்கு அள்ளுபவர் அரை இருட்டில் அள்ளுகிறார். 31 என்று வந்தால் 87ஆகவும் இருக்கலாம், 88ஆகவும் இருக்கலாம். 30 என்று வந்தால் மட்டும் பயமில்லை, அது 86தான். 25 வந்தால் 77. இந்தச் சின்ன அட்டவணையைக் கையில் எழுதி வைத்துக்கொள்ளாதவர் ஐந்து நிமிடத் தகவலைத் தொடவே கூடாது.

நம்பத்தகுந்தது மணிநேர அறிக்கையின் கடைசியில் டி (T) எழுத்தோடு வரும் தொகுதி. அதில் பத்தில் ஒரு டிகிரி இருப்பதால் மூல ஃபாரன்ஹீட்டைத் துல்லியமாக மீட்கலாம்: 31.7 என்றால் 89, 32.2 என்றால் 90. குழப்பமே இல்லை.

மாலையில் ஒரு முதற்கட்ட அறிக்கை வரும், மறுநாள் காலையில் இறுதி அறிக்கை வரும். முதற்கட்டத்தில் இருப்பது அதுவரையிலான உச்சம் மட்டுமே. அதை முடிவென்று நம்பி வாங்குவது, இடைவேளையில் வெளியே வந்து படம் நல்லா இருக்கு என்று சொல்வதைப் போன்றது.

கணிப்பு: கடல்காற்று தெரிந்தவருக்குக் கொஞ்சம் முன்னிலை

மாதிரிகளில் ஐரோப்பிய வானிலை மையத்தினுடையதும் அமெரிக்க ஜிஎஃப்எஸ்ஸும் இரண்டு மூன்று நாள் முன்பே திசை காட்டும். அன்றைய காலையில் அமெரிக்க நிலப்பரப்புக்கென்றே மணிக்கு ஒருமுறை ஓடும் ஹெச்ஆர்ஆர்ஆர் உதவும், அது நிலத்தை 3 கிலோமீட்டர் சதுரங்களாகப் பிரித்துக் கணிக்கும். பல மாதிரிகளைக் கலந்து வாய்ப்பு வீதமாகவே தரும் என்பிஎம் என்பதும் இலவசம். சந்தை விலை பெரும்பாலும் அதை ஒட்டித்தான் நகர்கிறது. எனவே அதைப் பார்த்து மட்டும் வாங்குபவருக்கு மிஞ்ச எதுவுமில்லை.

எல்லைக்கோட்டைத் தெரிந்துகொள்வது நல்லது. ஒருநாள் முன்கணிப்பின் பிழைப்பரவல் (திட்ட விலக்கம்) 3 டிகிரி ஃபாரன்ஹீட் என்று வைத்தால், கணிப்பு சரியாகக் கட்டத்தின் நடுவில் விழுந்தாலும் அந்தக் கட்டத்தின் வாய்ப்பு 26 சதவீதம். பரவல் 2 டிகிரிக்குக் குறைந்தால் 38. ‘நாளைக்கு 88தான், உறுதி’ என்பவர் 60 சென்ட் கொடுத்து 38 சென்ட் பொருளை வாங்கிக்கொண்டிருக்கிறார்.

மாதிரிகள் சறுக்குவது எங்கே? காலை மேகம் கலையத் தாமதித்தால் சறுக்கும். முந்தைய நாள் மழையில் மண் ஈரமாக இருந்தால், வெயிலின் ஒரு பங்கு ஈரத்தை ஆவியாக்கவே செலவாகி உச்சம் குறையும். பிற்பகல் இடிமேகம் அரை மணி முன்னே வந்தால் கதை முடிந்தது. இவற்றோடு கடற்கரை ஊர்களுக்குக் கடல்காற்றும் உண்டு.

இதை வடசென்னைக்காரருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. மே மாதத்தில் மேற்குக் காற்று வலுவாக இருந்தால் கடல்காற்று தாமதமாகும், வெப்பம் 2, 3 மணிவரை ஏறிக்கொண்டே போகும். மேற்குக் காற்று தளர்ந்தால் 12 மணிக்கே கடல்காற்று உள்ளே வந்து ஏற்றத்தை வெட்டிவிடும். கரையோரம் முதலில் குளிரும், உள்ளே மீனம்பாக்கம் கடைசியில் குளிரும். மியாமிக்கும் கடல் கிழக்கேதான், விமான நிலையம் கரையிலிருந்து சில மைல் உள்ளே. அதே கணக்கு அங்கும் வேலை செய்யும். சிகாகோ மிட்வேயில் கடலுக்குப் பதில் மிச்சிகன் ஏரி. ஏரிக்காற்று சில நாள் மிட்வேவரை எட்டும், சில நாள் வழியிலேயே நின்றுவிடும். லாஸ் ஏஞ்சலஸ் விமான நிலையம் கடலை ஒட்டியே இருப்பதால் காலைக் கடல்மேகம் எப்போது விலகும் என்பதே முழுக் கேள்வி. இந்த அறிவு உண்மையானது. ஆனால் எதிரே நிற்பவர் நிரல் எழுதி, நொடிக்கு நொடி நிலையத் தகவல் இழுப்பவர். டி தொகுதி வெளியான மறுகணம் விலை நகர்ந்துவிடும். செல்போனில் விரல் வைக்கும் முன்னே வண்டி போய்விடும்.

கமிஷன்

கல்ஷி அறிவித்திருக்கும் பொதுச் சூத்திரம்: 0.07 × சீட்டு எண்ணிக்கை × விலை × (1 − விலை), வருவதை அடுத்த சென்ட்டுக்கு மேல்நோக்கி முழுமையாக்க வேண்டும். 50 சென்ட்டில் 100 சீட்டு வாங்கினால் 1.75 டாலர். 35 சென்ட்டில் 100 வாங்கினால் 1.60, போட்ட 35 டாலரில் நாலரை சதவீதம். 10 சென்ட்டில் 100 வாங்கினால் 63 சென்ட், போட்டதில் 6.3 சதவீதம். மலிவான கட்டத்தில் சும்மா ஒரு சீட்டு என்று ஆடுபவருக்கு இன்னும் மோசம். 5 சென்ட் சீட்டு ஒன்றுக்குக் கணக்கு 0.33 சென்ட்தான், ஆனால் மேல்நோக்கி முழுமையாக்கும்போது 1 சென்ட். விலையில் ஐந்தில் ஒரு பங்கு! அட்டவணை அவ்வப்போது மாறும், சூத்திரத்தின் குணம் மாறாது: சில்லறையாக ஆடினால் சில்லறையாகவே கரையும்.

கமிஷன் போதாதென்று வாங்கும் விலைக்கும் விற்கும் விலைக்கும் இடைவெளி வேறு. ஆறு கட்டத்தின் வாங்கும் விலைகளையும் கூட்டிப் பாருங்கள். 100 வர வேண்டியது 106 வந்தால், அந்த ஆறு சென்ட் உங்கள் தலையில். ஆள் குறைவான நகரங்களில் இடைவெளி இன்னும் விரியும், நடுவில் விற்று வெளியேறலாம் என்ற வசதியும் பெயரளவுக்குத்தான்.

இங்கிருந்து பணம் கட்டலாமா

கூடாது. பணம் வைத்து ஆடும் இணைய ஆட்டங்களைத் திறமை, அதிர்ஷ்டம் என்ற வேறுபாடு பார்க்காமல் தடுக்கும் சட்டத்தை நாடாளுமன்றம் 2025 ஆகஸ்டில் நிறைவேற்றி, 22ஆம் தேதி குடியரசுத் தலைவர் ஒப்புதலும் கிடைத்தது. நடத்துபவருக்கு மூன்றாண்டு வரை சிறை, ஒரு கோடி வரை அபராதம். விளம்பரம் செய்பவருக்கு இரண்டாண்டு வரை, ஐம்பது லட்சம் வரை. யூடியூபில் ‘லிங்க் கீழே’ என்று சொல்லும் தம்பிகள் இரண்டாவதைப் படிக்கட்டும். தமிழ்நாட்டின் 2022ஆம் ஆண்டுச் சட்டத்தில் இணையச் சூதாட்டம் ஆடுபவருக்கே மூன்று மாதம் வரை சிறை அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். இப்படி நடக்கப்போவதை ஊகித்துப் பணம் கட்டும் கருத்துப் பந்தயத் தளங்கள் தன் கண்காணிப்பில் இல்லை, பங்குச் சந்தைப் பாதுகாப்பு எதுவும் அங்கே கிடையாது என்று செபி 2025 ஏப்ரலிலேயே எச்சரித்தது.

வானிலைப் பந்தயத்தைச் சட்டம் துரத்துவதும் புதிதல்ல. கல்கத்தா பரா பஜாரில் மழை பெய்யுமா, கூரைக் குழாயில் தண்ணீர் வழியுமா என்று கட்டிய பணத்தை நிறுத்த வங்காளத்தில் 1897இலேயே தனிச்சட்டம் போட்டார்கள்.

‘கிரிப்டோ வழியாகப் போகலாம்’ என்று யாராவது யோசனை சொன்னால், அந்தப் பாதையில் என்ன நடக்கும் என்பதையும் கேளுங்கள். முகம் தெரியாதவரிடம் நாணயம் வாங்கி விற்கும்போது, அவர் அனுப்பும் பணம் மோசடிப் பணமாக இருந்தால் சைபர் குற்றப் புகாரில் உங்கள் வங்கிக் கணக்கு முடங்கும். சம்பளம் வருவதும் அதே கணக்காக இருக்கும். லாபம் நின்றால் 30 சதவீத வரி, நஷ்டத்தைக் கழிக்க வழியில்லை. விற்கும்போது 1 சதவீதப் பிடித்தம் தனி. வானிலையைச் சரியாகக் கணித்துவிட்டு, பணத்தை வீட்டுக்குக் கொண்டுவர முடியாமல் நிற்பது இப்படித்தான்.

பணமில்லாமல் ஆட

கணிக்கும் கலை பிடித்திருந்தால், அதை மட்டும் உருவி எடுத்துச் சென்னைக்கே ஆடலாம். மீனம்பாக்கத்தைத் தேர்ந்தெடுங்கள். மே மாதத்துக்கு ஆறு கட்டம்: 35க்குக் கீழ், 35.0–35.9, 36.0–36.9, 37.0–37.9, 38.0–38.9, 39.0 அல்லது அதற்கு மேல். நண்பர்கள் ஒவ்வொருவரும் காலை 8:30க்குள் ஆறு கட்டத்துக்கும் சதவீதம் எழுத வேண்டும், கூட்டினால் 100 வர வேண்டும். முடிவு, வானிலைத் துறை மாலை 5:30க்கு வாசித்து வெளியிடும் உச்சம். செயலியில் ஓடும் ‘இப்போதைய வெப்பம்’ செல்லாது என்பதை முதல் நாளே எழுதி வையுங்கள், சண்டை பாதி குறையும். விமான நிலையத்தின் அரைமணி அறிக்கையைப் பின்தொடருங்கள். அதில் வெப்பம் முழு எண்ணாகத்தான் வரும், எனவே முடிவுக்கு உதவாது. காற்றின் திசைக்கு உதவும். 250, 270 டிகிரி (மேற்குப் பக்கம்) என்று இருந்தது 110, 130 (கிழக்கு, தென்கிழக்குப் பக்கம்) என்று திரும்பினால் கடல்காற்று வந்துவிட்டது, உச்சம் அநேகமாக முடிந்தது. திரும்பிய நேரத்தைத் தினமும் குறித்துக்கொள்ளுங்கள்.

மதிப்பெண் இப்படி: ஒவ்வொரு கட்டத்துக்கும் நீங்கள் தந்த பின்னத்திலிருந்து விடையை (விழுந்த கட்டத்துக்கு 1, மற்றவற்றுக்கு 0) கழித்து வர்க்கமாக்கி, ஆறையும் கூட்டுங்கள். குறைவாக எடுப்பவர் ஜெயித்தவர். ஆறு கட்டத்துக்கும் சமமாகப் பிரித்துக் கொடுத்துவிட்டுத் தூங்கப் போகிறவருக்கே தினமும் 0.83 வரும். மாதக் கடைசியில் உங்கள் சராசரி அதைவிட எவ்வளவு கீழே இருக்கிறது என்று பாருங்கள்.